சத்தமில்லாமல் விழுகிறவர்கள்

இரண்டரை வயதாகியும் என் மகன் ஒரு சொல் பேசவில்லை. காது நன்றாகத்தான் கேட்கிறது என்று மருத்துவர் சொல்லிவிட்டார். விளையாட்டுப் பள்ளியில் சேர்க்கப் போனபோது அங்கிருந்த பெண்மணிதான் காரணம் கண்டுபிடித்தார்.

"ஓசூர்ல இதான் மேடம் பிரச்சன. வீட்ல தமிழ், பக்கத்துல கன்னடம், கீழ தெலுங்கு. கொழந்த கொழம்பிடுது. மொதல்ல மொழியக் கொறைங்க."

இந்த ஊரில் பாதிப் பேர் மூன்று மொழியிலும் சண்டை போடுகிறார்கள் என்பது எனக்கு அப்போது உறைக்கவில்லை. நான் படித்தவள் அல்லவா, நம்பினேன். பக்கத்து வீட்டுக் கன்னட அக்கா தினமும் மாலையில் வந்து அவனைத் தூக்கிச் சுற்றிவிட்டு, "இன்னொந்து சல?" என்பார், இன்னொரு தடவையா என்று கேட்டுக் கேட்டுச் சுற்றுவார். மாலையானால் கதவைச் சாத்திக்கொள்ள ஆரம்பித்தேன். கைபேசியில் பாட்டும் கதையும் நின்றன. ஆனால் சோறு ஊட்ட ஏதாவது ஓட வேண்டுமே! நூறு வருடத்துக்கு முந்தைய ஊமைப் படங்களைத் தேடிப் பிடித்தேன். கறுப்பு வெள்ளையில் தொப்பிக்காரர்கள் விழுவார்கள், எழுவார்கள், முகத்தில் கேக் வாங்குவார்கள். பேச்சு வராத பிள்ளைக்குப் பேசாத படம். இந்த வைத்தியம் வேறு யாருக்குத் தோன்றும்?

கணவருக்குத் தொழிற்சாலையில் பாதுகாப்புப் பிரிவில் வேலை. அந்தப் படங்களைப் பார்த்து அவர் சிரித்ததே இல்லை. "ஏணியப் புடிக்க ஆள் இல்ல பாரு. தரை ஈரமா கெடக்கு, ஒரு போர்டு கூட வைக்கல," என்பார். மகனும் சிரிக்கவில்லை. வாயைத் திறந்தான், சோறு போனது, சொல் வரவில்லை. இவனும் விழப் பழகிவிடுவானோ என்ற பயத்தில் நான் சோபாவைச் சுற்றித் தலையணை அடுக்கினேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அப்போதுதான் தரையைத் துடைத்திருந்தேன். தயிர் பாக்கெட்டோடு உள்ளே வந்த கணவர் இரண்டாவது அடியில் வழுக்கினார். கால்கள் மேலே போயின. தயிர் அவர் நெற்றியில் வெடித்தது. தொப்பி ஒன்றுதான் குறை.

"ஈரமா இருக்குன்னு சொல்ல மாட்டியா?"

"போர்டு வெச்சிருக்கணுமாங்க?"

அப்போது சோபாவில் கெக்கெக்கென்று ஒரு சிரிப்பு. பிறகு கணீரென்று, "இன்னொந்து சல!"

ஓடிப்போய்க் கதவைத் திறந்து பக்கத்து வீட்டு அக்காவைக் கூப்பிட்டேன். அவர் வருவதற்குள் அந்தச் சொல் மறுபடி உள்ளே போய்விடுமோ என்று இருந்தது. இடுப்பைப் பிடித்துக்கொண்டு எழுந்துவிட்ட கணவரிடம் சொன்னேன்.

"ஏங்க, பையன் கேக்கறான்ல. இன்னொரு தடவ விழுங்க."