அந்தப் பேட்டிக்கு நான் சிரித்தது

அம்மாவின் டிரங்குப் பெட்டி மூடியின் உள்பக்கம் ஒரு நடிகையின் படம் ஒட்டியிருக்கும். நெற்றி நிறையப் பொட்டு, கண் நிறையத் தண்ணீர். அவர் நிஜத்தில் எப்படிப் பேசுவார் என்று அம்மாவுக்குத் தெரியாது. கல்யாணம் ஆனதும் அவர் நடிப்பை விட்டுவிட்டார்; அம்மாவுக்கு அதில் பரம திருப்தி.

இப்போது நடிகைகள் பிள்ளை பெற்ற மறுவருடமே கதாநாயகியாக வருகிறார்கள். முகப்பருவோடு வீடியோ போடுகிறார்கள். ஷூ கம்பெனி பஸ்ஸில் போகும் நாங்கள் ஆளுக்கொரு இயர்போன் மாட்டிக்கொண்டு எல்லாவற்றையும் பார்ப்போம். நான் ஏறுவது மாதனூரில். எனக்கு முன்பே ஒடுகத்தூரில் ஏறும் பெண் ஒருத்தி, டிபன் பையை வைத்து எனக்கு சீட் பிடிப்பாள். தையல் லைனிலும் பக்கத்து மெஷின் அவளுடையதுதான்.

ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில், "அக்கா, உன்கிட்ட ஒண்ணு சொல்லணும். பஸ்ல சொல்றேன்" என்றாள்.

சாயங்காலம் பஸ் கிளம்பியதும் முன்சீட்டுக்காரி ஒரு பேட்டியைச் சத்தமாக வைத்தாள். பல வருடங்களுக்கு முன் படப்பிடிப்பில் ஒரு பெரிய மனிதர் தன்னிடம் தப்பாக நடந்ததை ஒரு நடிகை சொல்லிக்கொண்டிருந்தார். அழவில்லை. அதுதான் எங்களுக்குப் பொறுக்கவில்லையோ என்னவோ.

"இத்தன வருசம் இன்னா பண்ணிட்டு இருந்தாளாம்?" என்றாள் முன்சீட்டுக்காரி. பஸ்ஸே சிரித்தது.

"படம் கம்மியாயிட்டு இருக்கும், அதான்" என்று நானும் சேர்ந்து சிரித்தேன். பிறகு பக்கத்தில் திரும்பி, "இன்னாவோ சொல்லணும்னியே?" என்றேன்.

"ஒண்ணும் இல்லக்கா." ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். மறுநாள் அவள் பக்கத்தில் வேறு யாரோ உட்கார்ந்திருந்தார்கள். அடுத்த வாரம் அவளே வரவில்லை.

அவள் சொல்ல வந்தது எனக்குத் தெரியாதா? தையல் பார்க்கிற சாக்கில் சூப்பர்வைசர் அவள் முதுகை உரசி நிற்பதைத் தினமும் பார்த்தவள் நான். அவள் சேர்வதற்கு முன்பு அவன் வந்து நின்றது என் நாற்காலிக்குப் பின்னால். ஏழு வருடமாக நான் யாரிடமும் வாய் திறக்கவில்லை.

காலியாகக் கிடந்த பக்கத்து மெஷினைப் பார்த்தபடி தைத்ததில் விரலில் ஊசி ஏறியது. அந்தப் பேட்டியின் கீழே, 'உங்களை நம்புகிறேன்' என்று எழுதி, அழித்துவிட்டேன். அந்த நடிகைக்கு எழுதி என்ன ஆகப்போகிறது?

ஞாயிற்றுக்கிழமை ஒடுகத்தூர் பஸ் ஏறினேன். அவள் வீட்டு வாசலில் என்னைப் பார்த்ததும் உள்ளே போகப் பார்த்தாள்.

"நீ ஒண்ணும் சொல்ல வேணாம். உக்காரு, நான் சொல்றேன்" என்றேன்.