அப்பா பார்த்த கட்டி

டாக்டரைப் பார்த்துவிட்டு வந்தால் கையில் ஒரு மருந்துச் சீட்டாவது இருக்க வேண்டும், இல்லையென்றால் போனதே வீண் என்று நினைக்கும் ஊரில் வளர்ந்தவள் நான். நியூஜெர்சியில் அன்று எனக்குக் கிடைத்தது ஒரு மஞ்சள் தாள். ஊசி இல்லை, மாத்திரை இல்லை, பத்தியம்கூட இல்லை. ஆறு வாரம் கழித்து வாருங்கள், திரும்ப ஸ்கேன் பார்ப்போம் என்றார் டாக்டரம்மா. தாளில் 620.2 என்ற எண்ணைச் சுற்றி ஒரு வட்டம். அதை யாரும் எனக்கு விளக்க வேண்டியதில்லை. என் பிழைப்பே அதுதான்.

விருத்தாசலத்தில் என் வேலை என்னவென்று எவ்வளவு சொல்லியும் புரியவைக்க முடியவில்லை. அம்மா கேட்பவர்களிடமெல்லாம் 'அமெரிக்கா ஆஸ்பத்திரியில் இருக்கிறாள்' என்று சொல்லி வைத்திருக்கிறாள்; பாதித் தெரு என்னை டாக்டர் என்றே நம்புகிறது. நான் செய்வது இதுதான்: டாக்டர் எழுதிய குறிப்பைப் படித்து, அந்த நோய்க்கு உரிய எண்ணைத் தடித்த புத்தகத்தில் தேடிப் போடுவது. அந்த எண்ணைப் பார்த்துத்தான் இன்ஷூரன்ஸ்காரன் பணம் கொடுப்பான். 620.2 என்றால் சினைப்பையில் கட்டி, இன்ன வகை என்று சொல்லப்படாதது. எங்கள் வேலையில் ஒரு சட்டம் உண்டு. வந்து பார்த்துவிட்டுப் போகும் நோயாளிக்கு டாக்டர் 'இருக்கலாம்', 'சந்தேகம்' என்று எழுதினால் அந்த நோயின் எண்ணைப் போடக் கூடாது. வயிற்று வலி என்று வந்தாளா, வயிற்று வலி என்றே போட வேண்டும். சந்தேகத்துக்கு எண் கிடையாது. நம்மூரில் சந்தேகம் வந்த மறுநாளே தெரு முழுக்க அதுதான் நோய்.

தாளை நீட்டுவதற்கு முன் டாக்டரம்மா ஒரு கேள்வி கேட்டிருந்தார். குடும்பத்தில் யாருக்காவது சினைப்பையில் பிரச்சினை இருந்ததா? அம்மாவுக்குக் கட்டி எடுத்தார்கள் என்றேன். சாதாரணக் கட்டியா, புற்றுநோயா? சாதாரணம்தான், என் அப்பா பார்த்தார் என்றேன். டாக்டரம்மாவின் முகம் மலர்ந்துவிட்டது.

"ஓ, உங்கள் அப்பா பெத்தாலஜிஸ்டா?"

லேபில் கட்டியைப் பரிசோதிக்கிறவர் இல்லை, செராமிக் கம்பெனியில் சூளை வேலை என்றேன். அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு என்னையே பார்த்தார். ஆபரேஷன் முடிந்ததும் எடுத்ததை ஒரு தட்டில் கொண்டுவந்து வீட்டு ஆண்களிடம் காட்டுவது எங்கள் பக்கத்து வழக்கம், காட்டினால்தான் எடுத்தார்கள் என்று நம்புவோம் என்பதை என் இங்கிலீஷில் சொல்லி முடிப்பதற்குள் எனக்கே அது கட்டுக்கதை மாதிரி ஆகிவிட்டது. அவர் பொறுமையாகக் கேட்டார். பிறகு சொன்னார்: உங்கள் அம்மாவுக்கு இருந்தது புற்றுநோய் என்றால் காத்திருக்க வேண்டாம், கட்டி இருக்கும் பக்கத்துச் சினைப்பையையே எடுத்துவிடுவது பற்றி யோசிக்க வேண்டும். இல்லையென்றால் அவசரமில்லை. கேட்டுச் சொல்லுங்கள்.

கல்யாணமாகி மூன்று வருடம், குழந்தை இல்லை. ஒரு பக்கம் போனால் என்ன ஆகும் என்று கேட்கக்கூட எனக்குப் பயம்.

அம்மாவுக்கு ஆபரேஷன் நடந்தபோது நான் ஸ்கூலில் படித்துக்கொண்டிருந்தேன். யூனிஃபார்மோடு நர்சிங் ஹோம் வராந்தாவில் நின்றது ஞாபகம் இருக்கிறது. சட்டையில் சூளைப் புழுதியோடு அப்பா உள்ளே போனார், சீக்கிரமே வெளியே வந்தார். "பாத்தேன், எடுத்துட்டாங்க" என்றார். நல்லூரிலிருந்து வந்திருந்த மாமாவும் சித்தியும் கையெடுத்துக் கும்பிட்டார்கள். அன்று அப்பா சொன்ன கட்டி எலுமிச்சம்பழ அளவு. பொங்கலுக்குள் ஆரஞ்சு ஆனது. என் கல்யாணத்தில் சம்பந்தி வீட்டாரிடம் அப்பா அதைச் சொன்னபோது தேங்காய் ஆகியிருந்தது. அமெரிக்க டாக்டர்களும் கட்டியைப் பழத்தால்தான் அளக்கிறார்கள், ஆனால் அவர்கள் பழம் வளர்வதில்லை.

டாக்டரைப் பார்த்த மறுநாள் காலை, வேலைக்குப் போகுமுன் பார்க்கிங்கில் காரில் உட்கார்ந்தபடி ஊருக்குப் போன் செய்தேன். அங்கே சாயங்காலம். எனக்குக் கட்டி என்றதும் அம்மா அழுதாள், பிறகு திட்டினாள், பிறகு எங்கள் ஊர்க் கோயில் பழமலைநாதருக்கு வேண்டிக்கொண்டாள். அவளுக்கு எடுத்தது என்ன கட்டி என்று எதுவும் எழுதிக் கொடுத்தார்களா என்று கேட்டேன். வீடு மாறும்போது பேப்பரெல்லாம் போய்விட்டதாம். "ஒங்கப்பாவ கேளு, அவருதான பாத்தாரு" என்று போனைக் கொடுத்தாள். அப்பாவிடம் கேட்டேன். தண்ணீர்ப் பையா, சதைக் கட்டியா, என்ன நிறம்? போன் நகரும் சத்தம் கேட்டது. வாசலுக்குப் போகிறார் என்று புரிந்தது.

"அம்மாகிட்ட சொல்லாத. தட்டக் கொண்டாந்து நீட்டுனாங்க. நான் கண்ண மூடிக்கிட்டேம்மா."

ஏன் என்று கேட்டேன்.

"அவ வவுத்துலேருந்து எடுத்தது. அத எப்புடிம்மா பாக்குறது? வெளிய எல்லாரும் நிக்கிறாங்க, அதான் பாத்தேன்னு சொல்லிட்டேன்."

எனக்குக் கோபம் வந்தது. இத்தனை வருடம் கண்ணால் காணாத ஒன்றைத் தேங்காய் வரைக்கும் வளர்த்த மனிதர். ஆனால் அந்தக் குரலைக் கேட்டபின் கோபத்தைப் பிடித்து வைக்க முடியவில்லை. அம்மா மேல் அவருக்கு இவ்வளவு பாசம் இருந்தது என்று நான் அதுவரை நினைத்ததே இல்லை. 

டாக்டரம்மாவிடம் தெரியவில்லை என்று சொன்னேன். இத்தனை வருடமாக அம்மா நன்றாகத்தானே இருக்கிறார்கள் என்று கேட்டு, அதுவே நல்ல அறிகுறி என்றார். ஆனால் ஆறு வாரத்தில் கட்டி கரையவில்லை, கொஞ்சம் வளர்ந்திருந்தது. கட்டியை மட்டும் எடுத்து லேபுக்கு அனுப்புவோம், மோசமாக இருந்தால் மறுபடி யோசிப்போம் என்று முடிவானது.

ஆபரேஷன் அன்று என் கணவர் வெளியே காத்திருந்தார். அவரும் எங்கள் பக்கம்தான், திட்டக்குடிக்காரர்; கம்ப்யூட்டர் வேலை. டாக்டரம்மா வந்து நல்லபடியாக முடிந்தது என்று கை குலுக்கியிருக்கிறார். இவர் போகாமல் நின்றிருக்கிறார். இன்னும் ஏதாவது வேண்டுமா என்று கேட்டதற்கு, நான் பார்க்க வேண்டும் என்று மட்டும் சொல்லியிருக்கிறார், கட்டியை என்று சொல்ல வாய் வரவில்லை. அந்த அம்மாள் மனைவியைத்தான் கேட்கிறார் என்று நினைத்து, கண் விழிக்க நேரமாகும் என்று சமாதானம் சொல்லிவிட்டுப் போய்விட்டார். "எதையோ மறைக்கிறாங்களோன்னு இருந்துச்சி" என்று பிறகு என்னிடம் சொன்னார்.

ஒரு வாரம் கழித்து ரிப்போர்ட் வந்தது. தீங்கில்லாத கட்டி. 620.2 போய் 220 ஆனது. இந்த நாட்டுக் கணக்கில் விஷயம் முடிந்தது. அந்த எண்ணை எத்தனையோ பெண்களுக்குப் போட்டவள் நான். ஆனாலும் தாளைக் கையில் வைத்துக்கொண்டு, நெஞ்சில் இருந்த பாரம் ஏன் இறங்கவில்லை என்று விழித்துக்கொண்டிருந்தேன். வேறு யாருடைய ரிப்போர்ட்டையாவது எனக்கு அனுப்பிவிட்டார்களோ என்று பேரைத் திரும்பத் திரும்பப் படித்தேன்.

ஊருக்குப் போன் போட்டு, லேபில் ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டார்கள் என்றேன். அப்பாவுக்கு லேப் சொன்னது போதவில்லை.

"மாப்ள பாத்தாரா?"

நான் கணவரைப் பார்த்தேன். அப்பா கண்ணை மூடிக்கொண்ட கதையை அவரிடம் சொல்லியிருந்தேன். கையை நீட்டிப் போனை வாங்கினார்.

"பாத்தேன் மாமா. எலுமிச்சம்பழ சைஸு. வெறும் தண்ணிதான்."

"அப்பச் சரி" என்றார் அப்பா. அப்படிச் சொல்லும் ஒரு 'பாத்தேன்' எவ்வளவு உண்மை என்று உலகத்திலேயே நன்றாகத் தெரிந்த மனிதர். அவர் மூச்சு விட்டது எனக்குக் கேட்டது. அப்போதுதான் நானும் விட்டேன், அழுகையும் வந்தது.

இங்கே என் ஃபைலில் அது நான்கு சென்டிமீட்டர், இனி மாறாது. விருத்தாசலத்தில் இந்தப் பொங்கலுக்கு ஆரஞ்சு ஆகிவிட்டது என்று சித்தி போனில் சொன்னாள். மாப்பிள்ளை கண்ணால் பார்த்தாராம், அப்பா எல்லாரிடமும் சொல்லிக்கொண்டிருக்கிறாராம்.