தலைவரின் தலை அளவு

பிளக்ஸ் கடைக்காரனுக்கு அரசியல் என்றால் கொள்கை அல்ல, தலை அளவு. யார் வளர்கிறார், யார் தேய்கிறார் என்பது செய்தியில் வருவதற்கு முன்பே எங்கள் கம்ப்யூட்டரில் தெரிந்துவிடும். 'அண்ணன் தலையை இன்னும் கொஞ்சம் பெருசாக்குங்க' என்று கேட்டுக் கேட்டே நொந்துபோன சக டிசைனர்களே, துடியலூரில் ஒரு கட்சி பிறந்து மறைந்ததைக் கடையில் உட்கார்ந்தபடியே பார்த்தவன் நான்.

கிரீஸ்

கதிர்வேலண்ணன் மோட்டார் ரிப்பேர் பட்டறை வைத்திருந்தார். சுற்றுவட்டாரத்தில் எந்தத் தோட்டத்து மோட்டார் புகைந்தாலும் அவரிடம்தான் வரும். ஒரு கல்யாண வரவேற்பில், கவுன்சிலர் வந்துவிட்டார் என்று அண்ணனை முன்வரிசையிலிருந்து எழுப்பிவிட்டார்கள். மறுவாரமே கட்சி ஆரம்பித்துவிட்டார். நாட்டில் இதைவிடச் சின்னக் காரணத்துக்கெல்லாம் கட்சி பிறந்திருக்கிறது.

'உழைப்பாளிகளின் ஒரே கட்சி' என்று பேனரில் போடச் சொல்லி, பட்டறை வாசலில் கும்பிட்டபடி எடுத்த போட்டோவைக் கொடுத்தார். கூட வந்த அவர் மனைவி பூங்கொடியக்கா, "அப்பப் பட்டறைய யாருங்க பாக்கறது?" என்று கேட்டார். அண்ணன் காதில் வாங்கவே இல்லை. திரையை உற்றுப் பார்த்துவிட்டு என்னிடம் சொன்னார்:

"தம்பி, கையில இருக்கற கிரீஸை அழிச்சுப்போடுங்க. பாக்கறவங்க என்னைய வேலைக்காரன்னு நெனச்சுக்குவாங்க."

சேர்

சரவணம்பட்டி மண்டபத்தில் முதல் பொதுக்குழு. வந்தவர்கள் அத்தனை பேருக்கும் பதவி. பேனர் கட்டப்போன நானும் திரும்பும்போது கலை இலக்கிய அணியின் மாநிலச் செயலாளர். கட்சியில் தொண்டர் என்று ஒருவர்கூட இல்லை என்பது வாடகைச் சேர்கள் வந்து இறங்கியபோதுதான் தெரிந்தது. எல்லோரும் சால்வையோடு நின்றார்கள். யாராவது எடுத்துப் போடுங்களேன் என்று அண்ணன் மைக்கில் கெஞ்சினார். இளைஞரணித் தலைவர் பணிவாகப் பதில் சொன்னார்:

"அதுக்கு இன்னும் அணி ஆரம்பிக்கலீங்களே, தலைவரே."

வெர்னியர்

பொதுச்செயலாளர் செல்வம், சூலூரில் தறி ஓட்டுபவர். தன் செலவில் அடித்த போஸ்டரில் தன் தலையைத் தலைவர் தலை அளவுக்கு வைக்கச் சொன்னார். வைத்தேன். சேதி எட்டியதும் அண்ணன் கடைக்கு வந்தார். பட்டறையில் ஷாஃப்ட் அளக்கும் வெர்னியரைக் கையோடு கொண்டுவந்திருந்தார். இரண்டு தலைகளையும் அளந்தார். செல்வத்தின் தலை ஒரு நூல் கூடுதல். செல்வத்தைப் போன் போட்டு வரவழைத்தார். வேறு ஊராக இருந்தால் சட்டை கிழிந்திருக்கும். எங்கள் ஊரில் இப்படி நடந்தது:

"உங்களைக் கட்சியில இருந்து நீக்கிப்போட்டனுங்க. தப்பா எடுத்துக்காதீங்க. டீ சொல்லியிருக்கறனுங்க, குடிச்சுப்போட்டுப் போங்க."

செல்வம் குடித்துவிட்டுத்தான் போனார். மறுநாள் அவருடைய புதுக் கட்சிக்கும் என்னிடமே பேனர் சொன்னார்.

பிரசாரம்

அண்ணன் கவுன்சிலர் தேர்தலில் நின்றார். மாநிலச் செயலாளர் என்பதால் நானும் வீடு வீடாகப் போனேன். பட்டறையில் ஷட்டர் இறங்கி, ரிப்பேருக்குக் கொடுத்த மோட்டார்கள் உள்ளே மாட்டிக்கிடந்தன. ஒரு தோட்டத்துக்காரர் எங்களுக்கு மோர் கொடுத்து, அண்ணன் பேசியதையெல்லாம் பொறுமையாகக் கேட்டு முடித்தார். பிறகு சொன்னார்:

"ஓட்டுக்கென்னங்க, போட்டுர்லாம். எம்பட மோட்டார் எப்பங்க ஆகும்?"

டெபாசிட் போயிற்று.

இணைப்பு விழா

கடைசியில் கட்சியை ஒரு பெரிய கட்சியோடு இணைத்தார். அவர்கள் அனுப்பிய டிசைனில் மேலே பெரிய தலைகள், கீழே ஓரத்தில் பொடித் தலைகளாக ஒரு வரிசை. திரையில் அண்ணன் தன்னைத் தேடினார். நான்தான் பெரிதாக்கிக் காட்டினேன். எழுந்து போனார். எனக்குச் சிரிப்பு வரவில்லை, பாவமாக இருந்தது.

சில நாள் கழித்துப் பூங்கொடியக்கா வந்தார். பட்டறையை மறுபடி திறந்தாயிற்று, அண்ணன் காலையிலிருந்து மோட்டாருக்குக் காயில் கட்டிக்கொண்டிருக்கிறார், வாசலுக்கு ஒரு போர்டு வேண்டும் என்றார். பழைய கும்பிடு போட்டோவையே போடச் சொன்னார். பழக்கதோஷத்தில் என் கை அழிக்கும் கருவிக்குப் போனது. அக்கா தடுத்தார்:

"கிரீஸு இருக்கட்டுங்க தம்பி. அதைப் பார்த்தாத்தான் மோட்டாரை நம்பிக் குடுப்பாங்க."

கட்சி போய், கொடி போய், தலைவரே பட்டறைக்குத் திரும்பிவிட்டாலும், என்னை மட்டும் யாரும் டீ வாங்கிக் கொடுத்து நீக்காததால் கலை இலக்கிய அணிக்கு இன்றைக்கும் நான்தான் மாநிலச் செயலாளர்.