தவணையில் மாற்றமில்லை

அத்தான் வீட்டு இரும்பு பீரோவின் இடது கதவைத் திறந்தால் உள்பக்கம் ஒரு கிராப் தாள் ஒட்டியிருக்கும். பீரோ கதவுக்குப் பின்னால் சாமி படம் ஒட்டுகிறவர்கள் உண்டு, பால் கணக்கு எழுதுகிறவர்கள் உண்டு. அத்தான் அங்கே தன் வீட்டுக்கடனை ஒட்டி வைத்திருந்தார். வரிசைக்குப் பன்னிரண்டு கட்டம், மொத்தம் பதினைந்து வரிசை. மாதாமாதம் ஐந்தாம் தேதி தவணை போனதும் ஒரு கட்டத்தை நீல மையால் நிரப்புவார். கோடு தாண்டாமல், மூலை விடாமல், பரீட்சைக்குப் படம் வரைகிறவரைப் போல நிதானமாக நிரப்புவார். கடைசிக் கட்டத்தில் மட்டும் ஒரு சிவப்புப் புள்ளி இருந்தது. அது அவருக்கு அறுபது முடிந்து ஓய்வு பெறும் மாதம். கடைசிச் சம்பளமும் கடைசித் தவணையும் ஒன்றாக முடியும், அடுத்த நாளிலிருந்து ஒருவனுக்கும் பதில் சொல்ல வேண்டியதில்லை என்பார்.

அத்தான் என் அக்காவின் கணவர். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து இருபத்து மூன்று வயதில் பாதுகாப்புத் துறை ஆய்வகம் ஒன்றில் தொழில்நுட்ப உதவியாளராகச் சேர்ந்து ஹைதராபாத் வந்தவர். ஊர்த் தமிழை விடவில்லை, ஆனால் ஆமாம் என்பதற்கு 'ஹவ்' என்றும் வேண்டாம் என்பதற்கு 'நக்கோ' என்றும் சொல்லிப் பழகிவிட்டார். அக்காவுக்கு இளையவளான நான் படிப்பை முடித்துவிட்டு ஊரில் சும்மா இருந்தபோது என்னை அங்கே வரவழைத்தவர் அவர்தான். செகந்திராபாத்தில் ஒரு வீட்டுக்கடன் நிறுவனத்தின் கிளைக்கு ஆள் எடுக்கிறார்கள் என்று விளம்பரத்தைக் கத்தரித்துக் கொடுத்து, நேர்காணலுக்குத் தன் ஸ்கூட்டரில் கொண்டுபோய் விட்டு, நான் வெளியே வரும்வரை எதிர்த்த கடையில் இரண்டு டீ குடித்துக்கொண்டு நின்றார். வேலை கிடைத்தது. அவர்கள் குவார்ட்டர்ஸிலேயே நான்கு வருஷம் சாப்பிட்டுத் தூங்கி, வேலைக்குப் போய்வந்தேன். இதையெல்லாம் முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. பிறகு நான் செய்ததைப் படிக்கும்போது யாரும் எனக்காகச் சாக்கு தேட வேண்டாம்.

இரண்டாயிரத்து மூன்றாம் வருஷக் கடைசியில் அவர் கொண்டாப்பூரில் ஃபிளாட் வாங்கினார். அப்போது அங்கே பாதி பாறை, பாதி புழுதி. ஐ.டி. கம்பெனிகள் பக்கத்திலேயே வருகின்றன என்று எல்லோரும் ஓடிக்கொண்டிருந்தார்கள். எங்கள் அலுவலகத்தில் டோக்கன் தீர்ந்துபோகும் அளவுக்குக் கூட்டம். வட்டி ஏழரைக்கு இறங்கியிருந்தது. அத்தானுக்கு நிலையான வட்டியில் எடுக்கத்தான் ஆசை. கொஞ்சம் கூடினாலும் பரவாயில்லை, என்ன கட்டப்போகிறோம் என்று தெரிந்தால் போதும் என்றார். நான்தான் சிரித்தேன். "வட்டி எறங்கிக்கிட்டே வருது அத்தான். இப்பம் போயி ஃபிக்ஸட் எடுத்தா நாளைக்கு நீங்களே வருத்தப்படுவிய" என்றேன். மாறும் வட்டி எடுத்தால் தவணை ஐந்நூறு ரூபாய் குறையும் என்று கால்குலேட்டரில் தட்டிக் காட்டினேன். அந்த மாதம் எனக்கு இலக்கு முடிய இரண்டு கடன் பாக்கி இருந்தது. அதை நான் சொல்லவில்லை, அவரும் கேட்கவில்லை. பன்னிரண்டு லட்சம், பதினைந்து வருஷம், மாதம் பதினோராயிரத்து நூற்றிருபத்து நான்கு ரூபாய் என்று முடிவாயிற்று. அன்று மாலையே ஆய்வகத்திலிருந்து கிராப் தாள் வந்துவிட்டது.

மூன்று வருஷம் நன்றாகப் போயிற்று. பிறகு வட்டி ஏற ஆரம்பித்தது. எட்டரை, ஒன்பதரை என்று ஏறி, பதினொன்றையும் தாண்டியது. ஒவ்வொரு முறையும் எங்கள் நிறுவனம் வாடிக்கையாளர்களுக்குக் கடிதம் அனுப்பும். அந்தக் கடிதங்களை உறையில் போட்டதில் என் கையும் உண்டு. முதல் பக்கத்தில் தடித்த எழுத்தில் 'உங்கள் மாதத் தவணையில் மாற்றமில்லை' என்று ஆங்கிலத்தில் இருக்கும். இரண்டாம் பக்கத்தில் ஒரு சின்ன அட்டவணை. அதன் கடைசி வரியில் மீதமுள்ள மாதங்கள் என்று ஓர் எண் இருக்கும். தவணையை ஏற்றினால் ஜனங்கள் சண்டைக்கு வருவார்கள் என்று, ஏறிய வட்டியை முழுக்க மாதங்களின் தலையில் கட்டிவிடுவதுதான் வழக்கம். பணம் அதே பணம், வருஷம்தான் நீளும். கேட்டவர்களுக்கு மட்டும் சொல்லுங்கள், நீங்களாக எதையும் கிளறாதீர்கள் என்று எங்களுக்குச் சொல்லியிருந்தார்கள். புதிதாக வருகிறவர்களுக்கு வட்டி குறைவாகத்தான் இருந்தது. பழையவர்களும் ஒரு சிறிய கட்டணம் கட்டினால் அந்த வட்டிக்கு மாறிக்கொள்ளலாம். அலுவலகத்தில் எல்லோரும் தங்கள் சொந்தக்காரர்களைக் கூப்பிட்டுக் காதோடு காதாகச் சொல்லி மாற்றிக்கொண்டார்கள். நான் சொல்லவில்லை.

ஏன் சொல்லவில்லை என்பதற்கு ஒரு பொங்கல் நாளைச் சொல்ல வேண்டும். அன்று அக்கா வீட்டில் பத்துப் பதினைந்து பேர் சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். அத்தான் கையில் வடையோடு எழுந்து நின்று, "வட்டி ஏறுது ஏறுதுன்னு எங்க ஆபீஸ்ல எல்லாவனும் பொலம்புதான். நமக்கு ஒத்த பைசா ஏறலல்லா. எல்லாம் இந்தப் பிள்ள பாத்து வாங்கிக் குடுத்த லோன்" என்றார். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். யாரோ என் எண்ணை வாங்கிக்கொண்டார்கள். எனக்கு உச்சி குளிர்ந்துபோயிற்று. அந்த நிமிஷம் அவருடைய கடன் அறுபத்து மூன்றாவது வயதைத் தாண்டிப் போய்க்கொண்டிருந்தது என்பது எனக்குத் தெரியும். அவரைத் தனியே கூப்பிட்டு, அன்று நான் சொன்ன யோசனை தப்பாகிவிட்டது அத்தான் என்று சொல்ல ஐந்து நிமிஷம் போதும். அந்த ஐந்து நிமிஷம் எனக்கு வரவே இல்லை. ஒரு வருஷம் தள்ளிய பிறகு, இத்தனை நாள் ஏன் சொல்லவில்லை என்று கேட்பாரே என்ற பயமும் சேர்ந்துகொண்டது.

வருமான வரிக்கான வட்டிச் சான்றிதழை வருஷாவருஷம் நான்தான் அலுவலகத்திலிருந்து கொண்டுபோய்க் கொடுப்பேன். அதில் வட்டி இவ்வளவு, அசல் இவ்வளவு என்று தெளிவாகவே இருக்கும். படித்த மனிதர், நுண்ணிய அளவுகளோடு வேலை செய்கிறவர், எப்படிக் கவனிக்காமல் போனார் என்று தோன்றலாம். மாதச் சம்பளக்காரர்களுக்கே உரிய ஒரு மயக்கம் அது. வட்டி எண் பெரிதாக இருந்தால் வரி குறையும். "பாத்தியா பிள்ள, இந்த வருசம் டாக்ஸ் இன்னுங் கொறஞ்சிருக்கு" என்று அவர் சந்தோஷமாகச் சொல்வார். நான் தலையை ஆட்டுவேன். பதினோராயிரம் தவணையில் ஒன்பதாயிரத்து எழுநூறு வட்டிக்கே போய்க்கொண்டிருந்தது. வீட்டுக்கென்று போனது மாதம் ஆயிரத்துச் சொச்சம்.

பிறகு சம்பளக் கமிஷன் நிலுவைப் பணம் வந்தது. மத்திய அரசு ஊழியர் வீடுகளில் எல்லாம் அப்போது அதுதான் பேச்சு. அத்தான் ஒரு ஞாயிற்றுக்கிழமை என் வீட்டுக்கே வந்தார். "அரியர்ஸ் ஒன்னரை லச்சம் வந்திருக்கு பிள்ள. பேசாம லோன்ல தூக்கிக் கட்டிரட்டா?" என்று கேட்டார். அவர் கேட்டுவிட்டார், நானாகக் கிளறவில்லை, இனி அலுவலக விதிப்படியே கூடப் பதில் சொல்லலாம். அந்தப் பணத்தை மட்டும் கட்டியிருந்தால் ஆறு வருஷம் குறைந்திருக்கும். நான் அதை முன்பே கணக்குப் போட்டுப் பார்த்திருந்தேன். ஆனால் கட்டினால் கணக்குத் தாள் கையில் வரும், மீதி மாதங்கள் இருநூற்றுப் பதினேழு என்று அதில் இருக்கும். அவருடைய கிராப் தாளில் பாக்கி இருந்தது நூற்றிருபது கட்டம். "நக்கோ அத்தான்" என்று அவர் வார்த்தையிலேயே விளையாட்டாகச் சொன்னேன். "தவணதான் ஏறலையே. அக்காவுக்கு அந்த அடுக்களையச் சரி பண்ணிக் குடுங்க." அவர் சிரித்து, "ஹவ், அதுஞ் சரிதான்" என்றார். இரண்டு மாதத்தில் அக்கா வீட்டுச் சமையலறைக்குக் கறுப்புக் கிரானைட்டும் மர அலமாரிகளும் வந்தன. என்னைத்தான் முதலில் கூப்பிட்டுக் காட்டினார்கள்.

அவருக்கு எப்படித் தெரிந்தது என்பது எனக்கு வெகுநாள் கழித்துத்தான் தெரியவந்தது. ஆய்வகத்துக் கணக்குப் பிரிவில் புதிதாக வந்த ஒரு பையன் சான்றிதழைப் பார்த்துவிட்டு, ஆறு வருஷமாகக் கட்டியும் அசல் இவ்வளவுதான் குறைந்திருக்கிறதா சார் என்று கேட்டிருக்கிறான். இரண்டாயிரத்துப் பத்து, மார்ச் மாதம், காலை பதினொரு மணி இருக்கும். எங்கள் கிளையின் கண்ணாடிக் கதவைத் திறந்துகொண்டு அத்தான் வந்தார். அதுவரை அவர் டோக்கன் எடுத்ததே இல்லை. நேராக என் மேஜைக்கு வந்து, பக்கத்து நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொள்வார். அன்று டோக்கன் எடுத்தார். மற்றவர்களோடு வரிசையில் உட்கார்ந்து, முக்கால் மணி நேரம் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். என் கவுன்டர் இரண்டு முறை காலியாயிற்று. அடுத்த எண்காரரைப் போகச் சொல்லிவிட்டு அவர் உட்கார்ந்தே இருந்தார். நான்காம் கவுன்டர் காலியானபோதுதான் எழுந்து அங்கே போய் உட்கார்ந்தார். அங்கிருந்த பெண்ணிடம் தெலுங்கில் கேட்டார். அவள் திரையைப் பார்த்து, "டூ ஹன்ட்ரட் அண்ட் டூ மன்த்ஸ், சார்" என்றாள். எனக்குக் காதில் விழுந்தது. அவர் தலையசைத்தார். குறைந்த வட்டிக்கு மாறுவதற்கான கட்டணத்தை அங்கேயே காசோலையாக எழுதிக் கொடுத்தார். போகும்போது என் பக்கம் பார்த்து லேசாகக் கையைத் தூக்கினார். கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் நான் பிழைத்திருப்பேன்.

ராஜஸ்தான் பக்கம் பாலைவனத்தில் இருந்த ஒரு சோதனைத் தளத்துக்கு ஆள் கேட்டு ஆய்வகத்தில் அவ்வப்போது சுற்றறிக்கை வரும். தனிப்படி உண்டு, ஆனால் குடும்பத்தைக் கூட்டிப்போக முடியாது. வீடு வாங்கியதே குடும்பத்தோடு இருக்கத்தானே என்று இரண்டு முறை மறுத்தவர், அந்த மே மாதம் கேட்டு வாங்கிக்கொண்டு போனார். உறவுக்காரர்களிடம் ஒரு மாற்றத்துக்காகப் போகிறேன் என்றார். அதற்குப் பிறகு நான் போகும்போதெல்லாம் அவர் மகள், "டாடி சைட்லோ உன்னாரு பின்னி, நெக்ஸ்ட் மன்த் வஸ்தாரு" என்று சித்தியான என்னிடம் தெலுங்கில் சொல்லிவிட்டுத் தன் அறைக்குப் போய்விடுவாள். அடுத்த மாதம் வருவார், பத்து நாள் இருப்பார், போய்விடுவார். என்னிடம் எப்போதும்போல் பேசினார். வீட்டுக்கடன் என்ற சொல் மட்டும் எங்களுக்கு நடுவில் வரவே இல்லை.

இரண்டரை வருஷம் இப்படி. ஒரு செப்டம்பர் மாதக் காலையில், வேலைக்குக் கிளம்பி ஷூ மாட்டும்போது, தளத்து விடுதி அறையில் நெஞ்சு வலி வந்து இறந்துபோனார். ஐம்பத்து நான்கு வயது. மிச்சமிருந்த மூன்றேகால் லட்சத்தை அவர் பணிக்கொடையிலிருந்து அக்கா கட்டினாள். கடனை முடிக்கும் காகிதங்கள் என் மேஜைக்கே வந்தன. கணக்குத் தாளை அச்செடுத்தேன். இருபத்தாறு வயதிலிருந்து ஆயிரக்கணக்கான கணக்குத் தாள்களைப் பார்த்தவள் நான், அதை மட்டும் ஒரே மூச்சில் படிக்க முடியவில்லை. மூன்று மாதத்துக்கு ஒரு முறை நாற்பதாயிரம், ஐம்பத்திரண்டாயிரம், நாற்பத்தெட்டாயிரம் என்று கூடுதலாகக் கட்டியிருந்தார். அத்தனையும் பாலைவனத்து வெயில் படி. வீட்டுப் பத்திரத்தை அக்காவிடம் கொடுக்கப் போன அன்று பீரோவைத் திறந்தார்கள். பழைய தாளுக்குக் கீழே இன்னொரு கிராப் தாள் ஒட்டி, தொண்ணூற்றேழு கட்டம் கூட்டியிருந்தார். மேலேயிருந்து மாதாமாதம் நிரப்பிக்கொண்டு வந்தது ஒரு பக்கம், கூடுதலாகக் கட்டியபோதெல்லாம் கடைசியிலிருந்து அடித்துக்கொண்டு வந்தது இன்னொரு பக்கம். நடுவில் முப்பத்து மூன்று கட்டங்கள் வெள்ளையாக இருந்தன.

அந்த வேலையை அடுத்த வருஷம் விட்டுவிட்டேன். மனசாட்சிதான் காரணம் என்று சொன்னால் நன்றாக இருக்கும், ஆனால் கச்சிபௌலியில் கூடுதல் சம்பளத்துக்கு வேறு வேலை கிடைத்தது என்பதுதான் உண்மை. இப்போது ஃபிளாட் வாங்கப்போகும் பிள்ளைகள் யோசனை கேட்டு வந்தால், வட்டி எவ்வளவு என்று கேட்பதில்லை, கடன் கடிதத்தின் இரண்டாம் பக்கத்தைக் காட்டச் சொல்கிறேன். இந்தச் சித்திக்குக் கிறுக்கு என்று அவர்கள் நினைத்துக்கொள்கிறார்கள். காலையில் ஷூ மாட்டுகிற யாரைப் பார்த்தாலும் எனக்கு அந்த விடுதி அறை வந்துவிடுகிறது. நான் போகாத ஊர், பார்க்காத அறை, ஆனாலும் கட்டிலின் எந்தப் பக்கம் ஜன்னல் என்று கூடத் தெரிவதுபோல் இருக்கிறது.

போன மாதம் கொண்டாப்பூர் போயிருந்தேன். மகள் வெளிநாட்டில் இருக்கிறாள், அக்கா தனியாகத்தான் இருக்கிறாள். சுற்றிலும் எழும்பிவிட்ட கட்டடங்களால் பகலிலேயே விளக்குப் போட வேண்டியிருக்கிறது. சாப்பிட்டு முடித்ததும், இத்தனை வருஷம் மனப்பாடம் பண்ணி வைத்திருந்ததைச் சொல்லிவிடலாம் என்று, "அக்கா, அத்தான் லோன் விசயத்துல நான்..." என்று ஆரம்பித்தேன்.

"தெரியும்ட்டி" என்றாள் அக்கா. "அவ்வொ ஒன் ஆபீசுக்கு வந்தாவல்லா, அன்னைக்கே வந்து சொல்லிட்டாவ. 'இதப்பத்தி யாரும் அவகிட்ட கேக்கப்படாது. கேட்டா அந்தப் பிள்ளைக்கு இன்னொரு பொய் சொல்ல வேண்டியது வந்துரும்'னாவ."

சொல்லிவிட்டுத் தட்டுகளை எடுத்து அடுக்கினாள். நானும் எழுந்து போய், அவள் கழுவக் கழுவத் துடைத்து வைத்தேன். மன்னிப்பு மட்டும் கேட்கவில்லை. கேட்டிருந்தால், பரவாயில்லை என்று அக்கா சொல்ல வேண்டி வந்திருக்கும்.