பத்து யார்ட் சங்கிலி

சங்கிலி பிடிக்கிறவனுக்குக் கண் வேண்டும், கை வேண்டும், வாய் மட்டும் இருக்கவே கூடாது. பிள்ளையின் விளையாட்டுக்காக ஞாயிற்றுக்கிழமைகளைத் தாரைவார்த்து, எல்லைக்கோட்டில் கொடி பிடித்து, தோடம்பழம் வெட்டி, சொசேஜ் பிரட்டிய பெற்றோர் யாராவது இதைப் படித்தால், நாமெல்லாம் ஒரே கட்சி.

மாட்டுப்பட்ட விதம்

எனக்குச் சிட்னியில் காணி அளக்கிற வேலை, வீடு மெரிலேண்ட்ஸில். என் மகள் மயூரி பல்கலைக்கழகப் பெண்கள் அணியில் அமெரிக்கன் ஃபுட்போல் விளையாடுகிறாள். இது அவளுக்கு மூன்றாவது வருடம், கடைசி வருடம். அடுத்த வருடம் ஆஸ்பத்திரியில் வேலை, சனி ஞாயிறு பாராத ஷிப்ட். முதல் இரண்டு வருடமும் அவளுடைய அணி அரையிறுதியை எட்டிக்கூடப் பார்க்கவில்லை. இந்த முறை போயே தீருவது என்று சாப்பாட்டு மேசையில் ஒவ்வொரு நாளும் அதே பேச்சு.

ஆட்டம் இவ்வளவுதான்: நாலு முயற்சிக்குள் பந்தைப் பத்து யார்ட் முன்னே கொண்டுபோக வேண்டும். போனால் இன்னும் நாலு முயற்சி கிடைக்கும். போகாவிட்டால் பந்து எதிரணிக்கு. அந்தப் பத்து யார்டைக் காட்ட மைதான ஓரத்தில் இரண்டு கம்புகள், நடுவில் ஒரு சங்கிலி. அதற்கு ஆள் கொடுக்க வேண்டியது சொந்த மைதானத்து அணி. காணி அளக்கிற அப்பா ஒருவர் இருப்பது தெரிந்த பிறகு அவர்கள் வேறு ஆள் தேடவில்லை. இந்த விளையாட்டில் எனக்கு ஒன்றும் விளங்காது என்று சொல்லிப் பார்த்தேன். மயூரி சப்பாத்து நாடாவைக் கட்டிக்கொண்டே சொன்னாள்: "விளங்கத் தேவையில்லை அப்பா. யூ ஜஸ்ட் ஹோல்ட் த ஸ்டிக்."

விடாக்கண்டன்

விளையாடுகிறவர்கள் ஓரத்தை நோக்கிப் பாய்ந்து வந்தால் கம்பைப் போட்டுவிட்டுப் பின்னால் ஓட வேண்டும் என்பது விதி. எனக்கும் சொல்லித்தான் தந்தார்கள். ஆனால் முப்பது வருடம் காணி அளந்தவனுக்கு நட்ட கம்பு நட்ட இடத்திலேயே நிற்க வேண்டும். அது கொஞ்சம் சரிந்தாலும் எனக்கு அன்றைக்குச் சோறு இறங்காது.

இரண்டாவது ஆட்டத்தில் எதிரணிப் பெண் ஒருத்தி பந்தோடு என்னை நோக்கி வந்தாள். அவளுக்குப் பின்னால் எங்கள் அணியில் மூன்று பேர். நான் கம்பை விடவில்லை. அடுத்து நான் பார்த்தது வானத்தை. தண்ணீர்ப் போத்தல் பெட்டிக்கு மேலே மல்லாக்கக் கிடந்தேன், கம்பு மட்டும் கையில் இருந்தது. கோச் அம்மா ஓடி வந்து என் இடுப்பைப் பார்த்தார், முழங்காலைப் பார்த்தார், பிறகு அமைதியாகச் சொன்னார்: "கம்பு உடைந்தால் புதிதாக வாங்கலாம். அதைப் பிடிக்க இன்னொரு தகப்பனைத் தேட எனக்கு நேரமில்லை."

யாருடைய புருஷன்

பின் கம்பைப் பிடிப்பவர் செந்தில். கோயம்புத்தூர்க்காரர், வெஸ்ட்மீட்டில் குடியிருக்கிறார், ஐடி வேலை. மேற்படிப்புப் படிக்கும் அவருடைய மனைவி கவிதா எங்கள் அணியின் தடுப்பு வரிசையில் ஆடுகிறார். வீட்டில் கரப்பான்பூச்சியைக் கண்டால் கதிரையில் ஏறி நிற்கிறவராம். மைதானத்தில் அவரைக் கண்டால் மற்றவர்கள்தான் ஏற இடம் தேட வேண்டும்.

சங்கிலிக்காரர் எந்தப் பக்கத்துக்கும் கைதட்டக் கூடாது, சத்தம் போடக் கூடாது. எங்கள் மைதானத்தில் நிற்கலாம், எங்கள் பிள்ளையைப் பார்க்கலாம், ஆனால் முகம் சுவர் மாதிரி இருக்க வேண்டும். கவிதா ஒருத்தியைப் பிடித்து மண்ணில் சாய்த்த அன்று செந்திலுக்கு அது முடியவில்லை. தமிழில் கத்தினால் யாருக்குத் தெரியும் என்ற தைரியத்தில் "அப்படிப் போடு தங்கம்!" என்று துள்ளிவிட்டார். நடுவர் ஆட்டத்தை நிறுத்தி நிதானமாக நடந்து வந்தார்: "நீ சொன்னது விளங்கவில்லை. யாருடைய புருஷன் என்று மட்டும் விளங்கிவிட்டது."

வேலிச் சண்டை

ஆறு ஆட்டம் முடிந்தபோது மூன்றில் வென்று மூன்றில் தோற்றிருந்தோம். ஏழாவதைப் பார்க்க என் மைத்துனி மெல்போர்னிலிருந்து வந்திருந்தாள். அங்கே கிரான்பர்ன் பக்கம் இருப்பவள், வாய்க்காரி. ஐந்து விநாடி ஓடுவதும் ஐந்து நிமிடம் நின்று கதைப்பதும் என்ன விளையாட்டு என்று முதல் பாதி முழுக்கச் சலித்துக்கொண்டிருந்தாள்.

இரண்டாம் பாதியில் பந்து பத்து யார்டைத் தொட்டதா என்று சந்தேகம் வந்து சங்கிலியை உள்ளே கொண்டுபோகச் சொன்னார்கள். எங்கள் பந்து ஒரு அங்குலம் தாண்டியிருந்தது. அந்த ஒரு அங்குலத்தில்தான் அன்று வென்றோம். நான் வெளியே வந்ததும் மைத்துனி கதிரையிலிருந்து எழுந்து நின்றாள்: "ஒரு அங்குலத்துக்கே இவ்வளவு அடிபாடு? அத்தான், யாழ்ப்பாணத்தில வேலிக்கு வழக்குப் போட்ட ரெண்டு குடும்பத்தைக் கூட்டிக்கொண்டு வந்து விடுங்கோ, கப் எங்களுக்குத்தான்."

இரண்டு விரற்கடை

எட்டாவது ஆட்டத்தில் வென்றால் அரையிறுதி, தோற்றால் மயூரிக்கு இந்த விளையாட்டு அதோடு சரி. ஒரு புள்ளி பின்தங்கியிருந்தோம். இன்னும் ஒரு நிமிடம்கூட இல்லை. நாலாவது முயற்சி. பந்தை வாங்கிக்கொண்டு குனிந்து பாய்ந்தவள் மயூரிதான். ஏழெட்டுப் பேர் அவள்மேல் விழுந்தார்கள். எல்லோரும் எழும்பிய பிறகு நடுவர் சங்கிலியைக் கேட்டார்.

பின் கம்பைச் செந்தில் நட்டார். முன் கம்பு என்னிடம். சங்கிலியை இறுக்கி இழுத்தால்தான் சரியான பத்து யார்ட். கொஞ்சம் தொய்வாக விட்டால் கம்பு பின்னுக்கு வந்துவிடும், பந்து அதைத் தாண்டி நிற்கும், எங்களுக்கு இன்னும் நாலு முயற்சி கிடைக்கும். நடுவர் பந்துக்குப் பக்கத்தில் குனிந்து நின்றார். அவருடைய கண் சங்கிலியில் இல்லை. மயூரி ஹெல்மெட்டைக் கழற்றி என்னைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

நேர்மையாக நடந்தேன் என்று பீற்றிக்கொள்ள எனக்கும் ஆசைதான். உண்மையில், பழக்கதோஷத்தில் கை தானாக இழுத்துவிட்டது. ஆனால் இழுத்த பிறகு தளர்த்துவதற்கு ஒரு மூச்சு நேரம் இருந்தது. அதை நான் நன்றாக உணர்ந்தேன். தளர்த்தவில்லை. பந்து இரண்டு விரற்கடை குறைவாக இருந்தது. நடுவர் கையை எதிர்ப்பக்கம் காட்டினார், எதிரணி துள்ளியது. எனக்கு அழுகை வந்தது. சங்கிலிக்காரன் அழக் கூடாது என்று விதியில் எழுதியிருக்கவில்லை, அதனால் அழுதேன்.

காரை மயூரி ஓட்டினாள். காலில் சேறு, கன்னத்தில் சேறு. எங்கள் தெருமுனைச் சிவப்பு விளக்கில் காரை நிறுத்தி, முன்னால் பார்த்தபடியே சொன்னாள்: "நீங்கள் செய்தது சரி அப்பா. அதுதான் எனக்குக் கோவம்."

ஆகவே சகோதரச் சங்கிலிக்காரர்களே, இழுக்கிற இழுப்பை எப்போதும் இறுக்கியே இழுங்கள், ஆனால் சொந்தப் பிள்ளை ஆடுகிற நாளில் வீட்டுக்கு ரயிலில் தனியாக வாருங்கள்.