பாலிஷ் வைத்த தக்காளிச் சாஸ்

கார்களுக்குப் பெயின்ட் அடிக்கிற பட்டறையில் அவருக்குப் பாலிஷ் என்று பெயர். பெற்றவர்கள் வைத்த பெயர் சம்பளப் பட்டியலில் மட்டும் இருந்தது. எந்த வண்டியானாலும் கடைசியாக ஒருமுறை தன் கையால் தேய்த்துப் பார்க்காமல் வெளியே விடமாட்டார். முதலாளி வாசலில் நின்று கத்தினாலும் சரி, வண்டிக்காரர் தலையில் கைவைத்து உட்கார்ந்தாலும் சரி, மனிதர் அசையமாட்டார். அடிபட்டு வந்த காரின் புதுக் கதவைப் பழைய கதவோடு நிறம் ஒட்ட வைப்பதில் அவரை மிஞ்ச அங்கே ஆளில்லை.

பல வருடமாகப் பெயின்ட்டில் கலக்கும் தின்னரை முகர்ந்ததில் மூக்கு மட்டும் போய்விட்டது. வாசனை என்று ஒன்று உலகத்தில் இருப்பதையே அவர் மறந்துவிட்டார். அதற்காக அவர் கவலைப்பட்டதும் கிடையாது. பட்டறைக் கழிவறையைப் பற்றி மற்றவர்கள் புலம்பும்போது, நான் கொடுத்துவைத்தவன் என்பார்.

கவலை வந்தது மனைவி படுத்த பிறகுதான். வயிற்றில் ஆபரேஷன் முடிந்து, மருந்து ஏற்றத் தொடங்கியதிலிருந்து அவளுக்குச் சாப்பாடு இறங்கவில்லை. எதை வாயில் வைத்தாலும் காகிதத்தை மெல்வதுபோல் இருக்கிறது என்றாள். கடைசியாகப் போனபோது டாக்டர் சுற்றிவளைக்காமல் சொல்லிவிட்டார். "எடை இதுக்கு மேல இறங்கக் கூடாது. இறங்கினா அடுத்த மருந்து ஏத்த முடியாது. ஏத்தலைன்னா என்ன ஆகும்னு உங்களுக்கே தெரியும்."

அவள் லேசுப்பட்ட சமையல்காரி இல்லை. இத்தாலிய ஓட்டல் ஒன்றில் வருடக்கணக்காக அடுப்படியை ஆண்டவள். அதனால் அவளுக்குச் சமைத்துப்போட எல்லோருக்கும் உதறல். தங்கைக்காரி தினமும் சூப் வைத்துக்கொண்டு வருவாள். கொண்டுவந்தபடியே திருப்பி எடுத்துக்கொண்டு போவாள். ஒருநாள் தங்கை விடாமல் நச்சரித்ததில் அக்காள் வாயிலிருந்து ஒரு வார்த்தை வந்தது.

"எதையாவது திங்கணும்னா அந்தத் தக்காளிச் சாஸ்தான் வேணும். நான் வைக்கிற மாதிரி. அதை யாரு வைக்கப் போறா?"

"உன் ஓட்டல்லயே வாங்கிட்டு வரட்டுமாக்கா?"

"அங்க இப்போ சர்க்கரையை அள்ளிக் கொட்டுறாங்க" என்று அவள் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

கேட்டுக்கொண்டிருந்த பாலிஷ் அப்போதே பட்டறைக்குப் போன் போட்டு லீவு சொன்னார். ஒரு கூடைத் தக்காளி, ஆலிவ் எண்ணெய், பூண்டு, துளசி மாதிரி இருக்கும் பேசில் இலை, நீளச் சேமியா போன்ற இத்தாலியப் பாஸ்தா என்று வாங்கி வந்து இறக்கினார். பிறகு அடுப்பைச் சுற்றிச் செய்தித்தாளை விரித்து, ஓரமெல்லாம் டேப் ஒட்டினார். தெறிக்கிற வேலை என்றால் அவருக்கு முதல் காரியம் அதுதான்.

மச்சினி பார்த்துவிட்டு, "சமைக்கப் போறீங்களா, அடுப்புக்குப் பெயின்ட் அடிக்கப் போறீங்களா மாமா?" என்றாள்.

"ரெண்டும் ஒண்ணுதான். நீ தள்ளி நில்லு."

ஆரம்பம் என்னவோ அமர்க்களம்தான். தக்காளியின் அடியில் கத்தியால் கீறி, கொதிக்கிற தண்ணீரில் போட்டு எடுத்து, தோலை வழித்து உரித்தார். பழைய பெயின்ட்டைச் சுரண்டிப் பழகிய கைக்கு அதெல்லாம் ஒரு வேலையா? பூண்டைத் தட்டி எண்ணெயில் போட்டார். பார்வைக்குப் பொன்னிறமாகத்தான் இருந்தது. உள்ளறையிலிருந்து மனைவியின் குரல் வந்தது.

"பூண்டு கருகுது."

புரட்டிப் பார்த்தார். அடிப்பக்கம் கரி. எண்ணெயோடு குப்பையில் கொட்டினார்.

இரண்டாம் தடவை பூண்டை முன்னதாகவே எடுத்துவிட்டார். தக்காளியைக் கையால் பிசைந்து சட்டியில் விட்டார். என்ன ஒரு சிவப்பு! அந்த நிறத்தில் ஒரு காரை ரோட்டில் விட்டால் ஊரே திரும்பிப் பார்க்கும். ஆனால் கொதிக்கக் கொதிக்கச் சிவப்பு மங்கி, செங்கல் நிறத்துக்கு இறங்கியது. ஓரத்தில் எண்ணெய் தனியாகக் கசிந்தது. பாலிஷுக்குத் தூக்கிவாரிப்போட்டது. பட்டறையில் கலவை இப்படிப் பிரிந்தால் கெட்டுப்போய்விட்டது என்று அர்த்தம். சட்டென்று இறக்கிவிட்டார். இன்னும் கொஞ்சம் பிசைந்த தக்காளியை மேலே கலந்ததும் சிவப்பு திரும்பி வந்தது. தன் புத்தியைத் தானே மெச்சிக்கொண்டு கிண்ணத்தில் ஏந்திப் போனார்.

அவள் ஒரு கரண்டி வாயில் வைத்தாள். கண்ணை மூடிக்கொண்டு விழுங்கப் பார்த்தாள். முடியவில்லை. துண்டில் துப்பினாள்.

"பச்சை வாடை. கொண்டு போயிடுங்க."

அவள் கன்னத்தில் கண்ணீர் இறங்கியது. பாலிஷுக்கு அப்போதுதான் நிஜமாகவே பயம் வந்தது. இவள் சாப்பிடாமலே செத்துப்போய்விடுவாள், நான் பார்த்துக்கொண்டு நிற்பேன் என்று நினைத்தார். நினைத்த மாத்திரத்தில் அவருக்குக் கோபமும் வந்தது. யார் மேல் என்றுதான் தெரியவில்லை.

மச்சினி அவரை வெளியே இழுத்தாள். "போதும் மாமா. அக்காவைத் தூங்க விடுங்க."

"வண்டி சரியில்லைன்னா என்ன பண்ணுவோம்? அப்படியேவா கொடுத்துடுவோம்? சுரண்டிட்டு மறுபடி அடிப்போம்."

திரும்பவும் கட்டிலருகே போய் உட்கார்ந்தார். "எண்ணெய் பிரிஞ்சுது. கெட்டுப்போச்சுன்னு இறக்கிட்டேன்" என்றார்.

அவள் கண் திறந்து அவரையே பார்த்தாள். "பிரிஞ்சாத்தானே அது சாஸ்."

"நிறம் போயிடுதே."

"போகட்டும். அதை யாரு ரோட்டுல ஓட்டப் போறா?"

பல நாளைக்குப் பிறகு அவள் வாயிலிருந்து வந்த கிண்டல் அது. பாலிஷ் எழுந்தார். பரணில் கிடந்த சின்ன மின்சார அடுப்பை எடுத்து, ஒயரை இழுத்து, அவள் அறை வாசலிலேயே வைத்தார்.

"அக்காவுக்கு வாசனை பட்டாலே குமட்டுது. நீங்க இங்கயே கொண்டு வந்து வைக்கிறீங்களே" என்று மச்சினி தடுத்தாள்.

"எனக்கு மூக்கு இல்லை. இருக்கிற மூக்கு அவகிட்ட இருக்கு. குமட்டினா அந்த நிமிஷமே எடுத்துடறேன்."

கூடையில் நாலே நாலு தக்காளி மிச்சம். அவற்றை உரித்து, பிசைந்து, பூண்டு வாசம் ஏறிய எண்ணெயில் சேர்த்தார். கட்டிலிலிருந்து உத்தரவுகள் வந்தன. தீயைக் குறைக்கச் சொன்னாள். மூடி போடாதீர்கள் என்றாள். சிவப்பு மங்கியது. அவருடைய கை தானாகவே சட்டியைப் பிடிக்கப் போனது.

"இறக்கிடட்டுமா?"

"இன்னும் பச்சையாத்தான் இருக்கு. விடுங்க."

செங்கல் நிறமும் வந்தது. மேலெல்லாம் எண்ணெய் முத்து முத்தாக நின்றது. பாலிஷ் பல்லைக் கடித்துக்கொண்டு கிளறினார். தொழிலில் ஒருநாளும் செய்திராத பாவத்தைச் செய்வதுபோல் இருந்தது அவருக்கு. அவள் மூச்சை இழுத்து முகர்ந்தாள்.

"பேசில் இலையைப் போடுங்க. நறுக்காதீங்க, கிள்ளிப் போடுங்க. ம். இப்போ இறக்குங்க."

வெந்த பாஸ்தாவில் புரட்டிக் கொடுத்தார். அவள் ஒரு வாய் எடுத்தாள். மென்றாள். இருவரும் அவள் தொண்டையையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அது இறங்கியது.

"உப்பு கம்மி" என்றாள்.

மச்சினி சட்டென்று அவர் முகத்தைப் பார்த்தாள். வாரக்கணக்கில் உப்பு, புளிப்பு எதுவுமே தெரியவில்லை என்று சொல்லிவந்தவள் அக்காள். பாலிஷ் ஓடிப்போய் உப்பு டப்பாவை எடுத்து வந்தார். அவளே இரண்டு விரலால் கிள்ளித் தூவிக்கொண்டாள். பிறகு அடுத்த வாய் எடுத்தாள். மெதுவாகத்தான் சாப்பிட்டாள், ஆனால் நிறுத்தவில்லை. கிண்ணத்தின் அடியில் ஒட்டியிருந்ததைக் கரண்டியால் வழித்தாள். காலிக் கிண்ணத்தைச் சாய்த்து உள்ளே பார்த்தாள்.

"இவ்வளவுதான் வச்சீங்களா?"

பாலிஷ் பையை எடுத்துக்கொண்டு தக்காளிக் கடைக்கு நடந்தார்.