நகத்தடி நீலம்

தொண்ணூறுகளில் மைசூரில் நான் கட்டட வேலை செய்துகொண்டிருந்தபோது, என் மோதிர விரலில் குளிர்ந்த தண்ணீர் பட்டாலே உயிர் போகும். வெளியே வீக்கமோ காயமோ இல்லை.

"தண்ணியக் கண்டாலே ஓடுறியே, நீ என்ன பூனையா மாப்ள?" என்று மேஸ்திரி சிரிப்பார். கூச்சத்தில் நானும் சிரித்து வைப்பேன். விரலையே எடுத்துவிடுவார்களோ என்ற பயத்தை யாரிடமும் சொன்னதில்லை.

சில வருடங்கள் பொறுத்துப் பார்த்துவிட்டு, கடைசியில் பெரியாஸ்பத்திரிக்குப் போனேன். அங்கே ஒரு டாக்டரம்மா விரலை வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தார். நகத்தடியில் லேசாக நீலம் தெரிந்தது. குண்டூசித் தலையால் நகத்தை அங்கங்கே அழுத்தினார், வலிக்கவில்லை. நீலத்தின் மேல் வைத்ததும் கத்திவிட்டேன். பிறகு என் கையை மேலே தூக்கவைத்து, ரத்த அழுத்தம் பார்க்கும் பட்டையைப் புஜத்தில் சுற்றி, விரலுக்கு ரத்தம் போகாதபடி இறுக்கி, அதே இடத்தை அழுத்தினார்.

"இப்ப நோவுதா?"

"இல்லீங்கம்மா." எனக்கே நம்ப முடியவில்லை. இத்தனை வருட வலி எங்கே போயிற்று?

"அபூர்வமான கட்டி. கெட்டது இல்ல. எடுத்தா சரியாகும்."

"விரலையாம்மா?"

"ஐயோ, கட்டி மாத்ராப்பா!" கட்டியை மட்டும்தான் என்பதைக் கன்னடம் கலந்து சொன்னார்.

எடுத்ததைக் காட்டினார்கள். ஒரு கேழ்வரகு மணி அளவுதான் இருந்தது. புண் ஆறியதும் குழாயைத் திறந்து விரலை நீட்டினேன். தண்ணீர் வெறுமனே குளிர்ந்தது. வெகுநேரம் குழாயை மூடாமல் நின்றேன்.